நீ எழுதாமல் விட்ட எண்

திருச்சி,
18 ஜனவரி 2026

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் பொங்கலுக்கு முந்தின நாள் வந்தது. வீடு முழுக்கப் பாத்திரமும் பழைய பேப்பரும் இறைந்து கிடந்த நேரம். அம்மா திண்ணையில் உட்கார்ந்து மஞ்சள் கொத்தைப் பிரித்துக்கொண்டே, "கோயம்புத்தூர்ப் பையனா? கல்யாணத்துக்கு அப்புறம் இளைத்தானா பெருத்தானா?" என்று கேட்டாள். பெருத்துவிட்டாய் என்றேன். கோபிக்காதே. அம்மாவுக்கு முட்டி வலி அப்படியேதான் இருக்கிறது. மாடிப்படி ஏறுவதை நிறுத்தியாகிவிட்டது. பெரியவள் ஒன்பதாம் வகுப்பு. வட்டிக் கணக்கை எனக்கே சொல்லிக் கொடுக்கிறாள். அவளிடம் உன் கடிதத்தைக் காட்டியதில்தான் இந்த நீண்ட பதில்.

வடவள்ளியில் தனி வீடு, முன்னால் ஒரு மாமரம், விலை 60 லட்சம். படிக்கவே சந்தோஷமாக இருந்தது. வங்கியில் 40 லட்சம் தருகிறார்கள், 8 சதவீதம், 30 வருஷம், மாதம் 29,351. "இப்போதே வாடகை 16 ஆயிரம் கொடுக்கிறேன், கூட 13 ஆயிரம் போட்டால் வீடு நம்முடையது" என்று எழுதியிருக்கிறாய். எல்லா எண்ணும் இருக்கிறது, ஒன்றைத் தவிர. மொத்தம் எவ்வளவு கட்டுவாய் என்பது உன் கடிதத்தில் எங்கேயும் இல்லை.

ஹாஸ்டலில் நீ மெஸ் செக்ரட்டரியாக இருந்தபோது, காய்கறிக்காரர் ஒரு பில்லில் 12 ரூபாய் கூடுதலாகப் போட்டார் என்று அவரை வாசலிலேயே நிறுத்தி வைத்தவன் நீ. நினைவிருக்கிறதா? அதே ஆள் இன்று 65 லட்சத்தை எண்ணாமல் விட்டுவிட்டான்!

ஆமாம், 65 லட்சம்தான். 29,351-ஐ 360 மாதத்தால் பெருக்கிப் பார். 1 கோடியே 5 லட்சத்து 66 ஆயிரம். வாங்கியது 40, வட்டி மட்டும் 65 லட்சத்துக்கு மேல். நீ கையிலிருந்து போடும் 20 லட்சத்தையும் பத்திரச் செலவையும் சேர்த்தால் அந்த 60 லட்சம் வீட்டுக்கு நீ கொடுப்பது கிட்டத்தட்ட 1 கோடியே 31 லட்சம்.

முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பார்த்தாயா? 40 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 26,667. நீ கட்டும் 29,351-இல் அசலுக்குப் போவது 2,684 ரூபாய். அடுத்த மாதம் அந்த 2,684 குறைந்த பாக்கிக்கு வட்டி. பாக்கி குறையவில்லை என்றால் வட்டி எப்படிக் குறையும்? ஐந்து வருஷத்தில் 17 லட்சத்து 60 ஆயிரம் கட்டியிருப்பாய், அசலில் 2 லட்சம்கூடக் குறைந்திருக்காது. இன்னும் 38 லட்சம் நிற்கும். உன் தவணையில் அசல் பாதியைத் தொடுவது 21 வருஷம் தாண்டித்தான். வங்கி ஏமாற்றுகிறது என்று சொல்ல வரவில்லை. கணக்கு அப்படித்தான், ஒளிவு மறைவு கிடையாது. நாம்தான் மாதத் தொகையை மட்டும் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுகிறோம்.

இதையே 20 வருஷத்துக்கு எடு. தவணை 33,458. மாதம் 4,107 ரூபாய் கூடுதல், நீங்கள் நாலு பேரும் மாதம் இரண்டு தடவை ஹோட்டலுக்குப் போகும் செலவு. மொத்த வட்டி 40 லட்சத்துச் சொச்சத்துக்கு இறங்கிவிடும், 25 லட்சம் மிச்சம். 15 வருஷம் என்றால் தவணை 38,226, வட்டி 29 லட்சத்துக்குள். 15 உனக்கு இறுக்கும் என்று தெரியும், இரண்டு பையன்கள் படிக்கிறார்கள். அதனால் 15-ஐ வற்புறுத்தவில்லை. ஆனால் 30 வேண்டாம். அது முடியும்போது உனக்கு வயது 68.

நான் இவ்வளவு பேசுவதற்குக் காரணம் என் கதை. உன்னிடம் சொன்னதில்லை, வெட்கம்தான். 2021-இல் நான் 30 லட்சம் எடுத்தபோது வட்டி 6.7 சதவீதம். ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, அப்போது 4 சதவீதத்தில் கிடந்த காலம். 20 வருஷத்துக்கு 22,722 ரூபாய். 2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ஏற்ற ஆரம்பித்தது, 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 ஆகிவிட்டது. என் வட்டியும் கூடவே ஏறி 9.2. ஆனால் பல மாதம் என் கணக்கிலிருந்து போன தொகை மாறவே இல்லை. வட்டி மாற்றியிருக்கிறோம் என்று எஸ்எம்எஸ் வரும், தவணை அப்படியே இருக்கிறதே என்று நிம்மதியாக அழித்துவிடுவேன். முட்டாள். அவர்கள் மாதத்தைக் கூட்டிக்கொண்டே போயிருக்கிறார்கள். எனக்கு 60 வயது முடியும் வரை இழுத்தாகிவிட்டது, அதற்கு மேல் இழுக்க இடமில்லை என்றபோதுதான் ஒரு நாள் 25 ஆயிரத்துச் சொச்சம் பிடித்தார்கள். கிளைக்குப் போய் ஸ்டேட்மென்ட் வாங்கினேன். 220 மாதம் மிச்சம் இருக்க வேண்டிய இடத்தில் 268 என்று இருந்தது.

அன்றைக்கு இரவு காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். பாக்கி 28 லட்சத்து 74 ஆயிரம். 9.2 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 22,034. என் பழைய தவணை 22,722. அதாவது அந்தத் தவணையையே தொடர்ந்திருந்தால் அசலுக்குப் போவது மாதம் 688 ரூபாய். அந்த வேகத்தில் முடிய 38 வருஷம் ஆகும்!

இப்போது உன் 30 வருஷத்தைப் பார். 29,351-இல் 26,667 வட்டிக்கே போகிறது என்றால், வட்டி ஏற எவ்வளவு இடம் இருக்கிறது? 8 சதவீதம் 9 ஆனால் போதும், மாத வட்டி மட்டுமே 30 ஆயிரம். தவணை வட்டிக்கே பற்றாது. அப்படிப் பாக்கி வளரும்படி காலத்தை நீட்டக் கூடாது என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கையில் சொல்லிவிட்டது. அப்படியானால் தவணையைத்தான் ஏற்றுவார்கள். எந்த 4,107 ரூபாயைத் தவிர்க்க 30 வருஷம் எடுத்தாயோ, அது வேறு வழியில் வந்து நிற்கும். 20 வருஷம் என்றால் வட்டி 10 சதவீதம் வரை போனாலும் 33,458 தாங்கும். எனக்கு வட்டி மிச்சத்தைவிட இதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது. நீ மாறாத ஃபிக்ஸட் வட்டி எடுக்கவில்லையே, ஏறி இறங்கும் ஃப்ளோட்டிங்தானே?

அதே சுற்றறிக்கையில் இன்னொன்றும் இருக்கிறது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, மாதத்தைக் கூட்டுவதா, இரண்டும் கொஞ்சமா என்று உன்னைக் கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை, இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை என்று ஸ்டேட்மென்ட் தர வேண்டும். 2022-இல் இது இருந்திருந்தால் நான் தப்பித்திருப்பேனா என்று தெரியாது. எஸ்எம்எஸ்ஸை அழித்தவன் ஸ்டேட்மென்ட்டைப் படித்திருப்பானா!

அதற்கப்புறம் நான் செய்தது இரண்டுதான். சீட்டு முடிந்து வந்த 2 லட்சத்தை அப்படியே அசலில் கட்டினேன். 2025-இல் ரெப்போ இறங்க ஆரம்பித்தபோது, தவணையைக் குறைக்காதீர்கள், மாதத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுத்தேன். டிசம்பரில் ரெப்போ 5.25-க்கு வந்துவிட்டது, என் வட்டி இப்போது 7.95. போன வாரம் பார்த்தபோது 158 மாதம் மிச்சம். குளியலறைக் கதவுக்குப் பின்னால் சுண்ணாம்புக் கட்டியால் எழுதி வைத்திருக்கிறேன், மாதா மாதம் மாற்றுவேன். வீட்டுக்காரிக்கு அது பிடிக்கவில்லை.

முன்கூட்டிக் கட்டுவதில் ஒரு நுணுக்கம். எப்போது கட்டுகிறாய் என்பதுதான் எல்லாம். 20 வருஷக் கடனில் இரண்டாம் வருஷக் கடைசியில் 1 லட்சம் கட்டினால் பின்னாலிருந்து 12 தவணை போய்விடும், சுமார் 4 லட்சம். அதே 1 லட்சத்தை 15-ஆம் வருஷம் கட்டினால் நாலரைத் தவணைகூடக் குறையாது. பிள்ளைகள் பெரியவர்களானதும் சேர்த்துக் கட்டிவிடலாம் என்று எழுதியிருந்தாய் பார், அது தலைகீழ். வருஷா வருஷம் ஒரு தவணை கூடுதலாகப் போட்டாலே மூன்று வருஷத்துக்கு மேல் குறைந்துவிடும். ஃப்ளோட்டிங் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது. யாராவது கேட்டால் எழுத்தில் கேள், அத்தோடு பேச்சை மாற்றுவார்கள்.

உனக்கு இன்னொரு வசதியும் இருக்கிறது. மெடிக்கல் ஷாப் வைத்திருக்கிறாய், கம்பெனிக்காரர்களுக்குக் கொடுக்கும் வரை பணம் கரண்ட் அக்கவுண்டில் சும்மா கிடக்கும். ஓவர்டிராஃப்ட் மாதிரி ஒரு வீட்டுக்கடன் உண்டு. அதில் உபரிப் பணத்தைப் போட்டு வைத்தால் அந்த நாட்களுக்கு அந்தத் தொகை கழித்துத்தான் வட்டி, வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம். வட்டி விகிதம் கொஞ்சம் அதிகமாகச் சொல்வார்கள். உன் கடைக்கு அது கட்டுப்படியாகுமா என்று கேட்டுப் பார். மாதச் சம்பளக்காரனான எனக்கு இருபதாம் தேதிக்கு மேல் போட்டு வைக்க எதுவும் இருக்காது.

சித்தப்பாவிடம் இதையெல்லாம் சொன்னேன், சிரித்தார். "இருபது வருஷம் கழித்து முப்பதாயிரம் ஒரு காசாடா? உங்க அப்பன் மாதம் 1,850 கட்ட முடியாமல் நகையை வைத்தான், கடைசியில் அது உன் ஸ்கூட்டர் பெட்ரோல்" என்றார். அதிலும் நியாயம் இருக்கிறது. விலைவாசி வருஷம் 5 சதவீதம் ஏறினால், 20 வருஷம் கழித்து நீ கட்டும் 33 ஆயிரம் இன்றைய 12,600-க்குச் சமம். அதனால் அந்தக் கோடியைப் பார்த்து ராத்திரி தூங்காமல் இருக்காதே. ஆனால் அப்பாவுக்குக் கஷ்டமாக இருந்தது முதல் பத்து வருஷம்தான். நகை போனதும் அந்தப் பத்து வருஷத்தில்தான். அது சித்தப்பாவுக்கு மறந்துவிட்டது.

மற்ற செலவுகளை ஓட்டமாகச் சொல்லிவிடுகிறேன். கையில் 20 லட்சம் இருக்கிறது, 40 கடன், ஆக 60 சரி என்கிறாய். பத்திரத்துக்கு? முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 60 லட்சத்துக்கு 5 லட்சத்து 40 ஆயிரம். வங்கி அதைக் கடன் மதிப்பில் சேர்க்காது. அதற்காகப் பெர்சனல் லோன் எடுத்துவிடாதே, அதன் வட்டி வேறு ரகம். வீட்டைக் கொஞ்சம் சின்னதாகப் பார், அல்லது ஆறு மாதம் தள்ளு. விலை 50 லட்சத்தைத் தாண்டுவதால் விற்பவருக்குக் கொடுப்பதில் 1 சதவீதத்தை அவருடைய வருமான வரியாக (டிடிஎஸ்) பிடித்து நீதான் அரசுக்குக் கட்ட வேண்டும். அது உன் செலவு இல்லை, ஆனால் மறந்தால் நோட்டீஸ் உனக்குத்தான் வரும்.

கடனோடு சேர்த்து இன்சூரன்ஸ், பிரீமியம் 1 லட்சத்து 20 ஆயிரம், "அதையும் லோனிலேயே போட்டுக் கொடுக்கிறோம் சார்" என்றார்களாமே. 30 வருஷக் கடனில் போட்டால் அந்த 1.20 லட்சம் 3 லட்சத்து 17 ஆயிரமாக வெளியே போகும். கட்டாயமும் இல்லை. ஆனால் உனக்கு ஏதாவது ஆனால் அந்தக் கடன் தங்கச்சி தலையில் விழும், அதனால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்து வருஷா வருஷம் கட்டு. வரி மிச்சம் என்று ஒரு வரி எழுதியிருந்தாய். புது வரிமுறையில் இருந்தால் குடியிருக்கும் வீட்டு வட்டிக்குக் கழிவே கிடையாது. பழையதில் வருஷம் 2 லட்சம்தான், உன் முதல் வருஷ வட்டி 3 லட்சத்தைத் தாண்டும். உன் ஆடிட்டரைக் கேட்டுக்கொள், அதை நம்பி வீடு வாங்காதே.

வாங்காதே என்று சொல்வதாக நினைக்காதே. நான் வாங்கினேன், வருத்தமில்லை. அம்மா முட்டி வலிக்குக் கைப்பிடி வைக்க வேண்டும் என்றதும் யாரையும் கேட்காமல் சுவரில் ஓட்டை போட்டேன். வாடகை வீட்டில் ஆணி அடிக்கக் கேட்டு நின்ற நாட்கள் உனக்கும் தெரியும்.

சாங்ஷன் லெட்டரோடு முக்கிய விவரங்கள் என்று ஒரு தாள் தருவார்கள், இப்போது கொடுத்தே ஆக வேண்டும். கட்டணங்களும் சேர்ந்த ஆண்டு வட்டி அதில் இருக்கும். கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் அதைப் போட்டோ எடுத்து எனக்கு அனுப்பு. பெரியவள் பார்த்துச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறாள். சித்திரையில் நாங்கள் மருதமலை வருகிறோம், அம்மாவுக்கு வேண்டுதல். வடவள்ளி வழியில்தானே, அந்த மாமரத்தை எனக்குக் காட்டு.

தங்கச்சிக்கும் பையன்களுக்கும் என் அன்பு.

உன்
பழைய ரூம் நம்பர் 14

பி.கு.: கடன் முடிகிற அன்று பத்திரத்தை வாங்கியதோடு வீட்டுக்கு வந்துவிடாதே. ஆரம்பத்தில் வங்கிக்காகப் பதிவு செய்யும் எம்.ஓ.டி., அதாவது பத்திரத்தை அடமானம் வைத்த பதிவு, வில்லங்கச் சான்றில் அப்படியே நிற்கும். சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது பதிவு செய்தால்தான் அது தீரும். பக்கத்து வீட்டுக்காரர் இதைச் செய்யாமல் விட்டு, வீட்டை விற்கும்போது இரண்டு மாதம் அலைந்தார். பத்திரத்தை முப்பது நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும், தாமதம் அவர்களுடையது என்றால் நாளைக்கு 5,000 ரூபாய் உனக்குத் தர வேண்டும். இதை எங்கேயாவது எழுதி வை, நீ மறந்துவிடுவாய்.