கண்டீரவா ஸ்டேடியத்து அக்காவுக்கும் மற்ற எல்லோருக்கும்

கூடைப்பந்துப் போட்டி பார்க்கப் பெங்களூர் போயிருந்த பிள்ளைகளும் நானும் பத்திரமாக ஆம்பூர் வந்து சேர்ந்துவிட்டோம். போட்டிக்கு முந்தின ராத்திரி பெங்களூரில் பெய்து தெருவெல்லாம் வெள்ளமாக்கிய மழையை எல்லோரும் டிவியில் பார்த்திருப்பீர்கள், அதை நான் திரும்பச் சொல்லப் போவதில்லை. நன்றி சொல்ல வேண்டியவர்கள் இருக்கிறார்கள். மனசு இன்னும் படபடப்பாக இருக்கும்போதே எழுதிவிடுகிறேன்.

முதலில் அந்த அக்கா. பெயரைப் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார், அதனால் அக்கா என்றே எழுதுகிறேன். கண்டீரவா உள்விளையாட்டரங்கத்தில் துப்புரவு வேலை பார்க்கிறார். 18 வயதுக்குட்பட்ட பெண்களுக்கான ஆசிய சாம்பியன்ஷிப் கூடைப்பந்துப் போட்டி 2022 செப்டம்பர் 5, திங்கட்கிழமை அன்று தொடங்கியது. அதைப் பார்க்கத்தான் எங்கள் ஸ்கூல் டீமைக் கூட்டிப் போயிருந்தேன். தெருவில் தண்ணீர் நின்றதால் டிராக்டரில் ஏறி மெயின் ரோட்டுக்கு வந்து, அங்கிருந்து பஸ் பிடித்து ஒரு வழியாக ஸ்டேடியம் போய்ச் சேர்ந்தபோது ஒருத்தி முகத்திலும் களை இல்லை. தங்கிய வீட்டு வாசலில் விட்டிருந்த ஷூ எல்லாம் சாக்கடைத் தண்ணீரில் ஊறிப்போயிருந்தன. அவற்றைக் கவரில் போட்டுத் தூக்கிக்கொண்டு, இரவல் செருப்பிலும் வெறுங்காலிலுமாக நின்றார்கள்.

எங்கள் ஊரில் பாதி அம்மாக்கள் ஷூ கம்பெனியில் வேலை செய்கிறவர்கள். வெளிநாட்டுக்குப் போகிற ஷூவுக்கு நாள் முழுக்க மேல்பாகம் தைத்துவிட்டு, மகளுக்கு ஒரு ஜோடி விளையாட்டு ஷூ வாங்கச் சீட்டுப் பணம் எடுக்கிறவர்கள். அந்த ஷூதான் கவருக்குள் நாறிக்கொண்டிருந்தது. "மிஸ், ஊருக்கே போயிடலாம்" என்று ஒருத்தி அழ ஆரம்பித்தாள். எனக்கும் அதுவே சரி என்று பட்டது.

மாப்பைத் தள்ளிக்கொண்டு போன அக்கா எங்கள் பேச்சைக் கேட்டு நின்றார். "எந்த ஊரு கண்ணு?" என்றார். அவருடைய அப்பா அம்மா தர்மபுரிப் பக்கமாம், அவர் பிறந்து வளர்ந்ததெல்லாம் பெங்களூர். கவரைப் பிரித்துப் பார்த்தவர், அதன் பிறகு எங்களிடம் ஒன்றும் கேட்கவில்லை. குழாயடியில் உட்கார்ந்து ஒவ்வொரு ஷூவாகக் கழுவினார். ஷூவுக்குள் இருக்கும் இன்சோலை உருவித் தனியாக அடுக்கினார். பழைய கன்னடப் பேப்பரைக் கசக்கி உள்ளே திணித்து, ஜோடி மாறாமல் இருக்க லேஸோடு லேஸை முடிச்சுப் போட்டு, ஸ்டோர் ரூமில் ஃபேனுக்கு முன்னால் வரிசையாக வைத்தார். சூட்டில் காயவைத்தால் ஒட்டு விட்டுப்போகும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. "எங்கம்மாவும் இதையேதான் சொல்லும்" என்றாள் ஒருத்தி. "ஷூவை நான் பாத்துக்கறேன், நீங்க போய் மேட்ச் பாருங்க" என்று அக்கா எங்களைக் கேலரிக்கு விரட்டினார்.

அப்புறம் நடந்ததைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. அத்தனை பெரிய அரங்கத்தில் அவருக்கு இருந்த வேலைக்கு நடுவே, சாயங்காலம் வரை வந்து வந்து ஈரப் பேப்பரை எடுத்துவிட்டு வேறு பேப்பர் வைத்துக்கொண்டே இருந்தார். யாரும் அவரைக் கேட்கவில்லை. கிளம்பும்போது பிள்ளைகள் ஆசிரியர் தினத்துக்காக எனக்கு ஒளித்து வைத்திருந்த பேனாவை அவர் கையில் கொடுத்தார்கள். எனக்கு அதைவிடச் சந்தோஷம் வேறில்லை.

ஷூ பற்றிய கவலை போனதும் பிள்ளைகள் கண் திறந்தது. சிமென்ட் தரையில் ஆடிப் பழகியவர்கள் மரத்தரையில் பந்து தட்டும் சத்தத்தையே வாய் பிளந்து கேட்டார்கள். ஜப்பான் பெண்களைப் பற்றித்தான் அன்றைக்கு முழுக்கப் பேச்சு. டோக்கியோ ஒலிம்பிக்கில் வெள்ளி வாங்கிய அவர்களுடைய சீனியர் டீமைப் போலவே ஓட்டம், பாஸ், மூன்று புள்ளி ஷாட். உயரம் போதாது என்று எப்போதும் குறைப்படும் எங்கள் பிள்ளைகளுக்கு உயரம் இல்லாமலும் நன்றாக ஆடலாம் என்று நான் சொல்லிப் புரியவைக்க முடியாததை அந்த ஆட்டம் புரியவைத்தது. இந்தப் போட்டியில் முதல் நான்கு இடம் பிடிப்பவர்கள் 2023இல் மேட்ரிட்டில் நடக்கும் 19 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பைக்குப் போவார்கள் என்று இருந்தது. "மேட்ரிட் எங்க மிஸ் இருக்கு?" என்று கேட்டது யார் தெரியுமா? காலையில் அழுதவள்தான்.

காசு வாங்க மறுத்த டிராக்டர் அண்ணன், தன் வீட்டுக் கூடத்திலேயே தண்ணீர் நின்றபோதும் எங்களை மாடியில் படுக்கவைத்த குடும்பம், சின்னப் பிள்ளைகளை முதுகில் தூக்கி வந்த பக்கத்து வீட்டுத் தம்பி, ஈரத்தோடு ஏறியும் முகம் சுளிக்காத கண்டக்டர், சுடச்சுட இட்லி கொடுத்த ஓட்டல்காரர், ராத்திரி முழுக்கப் போனை வைக்காத எங்கள் ஹெச்.எம். மேடம், என்னை நம்பிப் பொறுமையாக இருந்த பெற்றோர்கள் எல்லோருக்கும் நன்றி.

எங்கள் விளையாட்டு அறைச் சுவரில் பத்மஸ்ரீ வாங்கிய கூடைப்பந்து வீராங்கனை அனிதா பால்துரை படம் ஒட்டியிருக்கிறது. அந்தப் படத்துக்குக் கீழே இனிமேல் துண்டுகளும் பழைய பேப்பரும் ஒரு பெட்டியில் எப்போதும் இருக்கும். ஜோனல் மேட்ச்சுக்கு எந்த ஊர் டீம் நனைந்து வந்தாலும் எடுத்துக்கொள்ளலாம். காலையில் எங்கள் கோர்ட்டைக் கூட்டிவிட்டு எங்கோ ஓரமாக நிற்கும் ஆயாவுக்கு, மேட்ச் அன்று முதல் வரிசையில் நாற்காலி போடப் போகிறேன். இதைப் பிள்ளைகளிடம் சொல்லிவிட்டேன், செய்யாவிட்டால் அவர்கள் விடமாட்டார்கள்.

அக்காவுக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. கண்டீரவாவுக்குப் போகிற தமிழ்க்காரர்கள் யாராவது அவரைத் தேடிப் பிடித்து இதைப் படித்துக் காட்டுங்கள். ஷூ எல்லாம் நன்றாகக் காய்ந்துவிட்டன, ஒட்டு ஒன்றும் விடவில்லை, பிள்ளைகள் அதைப் போட்டுக்கொண்டுதான் பிராக்டிஸுக்கு வருகிறார்கள் என்றும் சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
ஆம்பூரிலிருந்து ஒரு பி.டி. மிஸ்