பயிர் வாடியதா, கணக்கு வாடியதா?

அன்புள்ள நண்பா,

கடிதமும் வரைபடமும் கிடைத்தன. செயற்கைக்கோள் படங்களில் 2022 ஜனவரிக்குப் பிறகு வயலின் பச்சை படீரென்று சரிந்துவிட்டதே என்று தலையைப் பிய்த்துக்கொண்டிருக்கிறாய். எனக்கென்னவோ பயிர்மேல் குற்றம் இருப்பதாகத் தோன்றவில்லை.

ஐரோப்பிய செயற்கைக்கோளான சென்டினல்-2 எடுக்கும் படத்தின் பிக்சலில் இருக்கும் எண், நிலம் எவ்வளவு ஒளியைத் திருப்பி அனுப்புகிறது என்ற நேரடியான பிரதிபலிப்பு அளவு அல்ல. முன்பெல்லாம் அதைப் 10,000ஆல் வகுத்தால் போதும். 2022 ஜனவரி 25 முதல் ஒவ்வொரு எண்ணோடும் 1,000 கூட்டித் தருகிறார்கள். இருண்ட இடங்களில் பூஜ்ஜியத்துக்குக் கீழே போகும் மதிப்புகள் வெட்டுப்படாமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு. ஆகவே முதலில் 1,000 கழி, பிறகு வகு.

கழிக்காவிட்டால் என்ன ஆகும் பார். செழித்த பயிர் சிவப்பில் 0.04, கண்ணுக்குத் தெரியாத அண்மை அகச்சிவப்பில் 0.40 பிரதிபலிக்கிறது என்று வைத்துக்கொள். வித்தியாசத்தைக் கூட்டுத்தொகையால் வகுத்தால் பச்சையின் அளவைச் சொல்லும் தாவரக் குறியீடு (NDVI) 0.36/0.44, அதாவது 0.82. கோப்பில் இருப்பதோ 1,400, 5,000. அப்படியே போட்டால் 3,600/6,400, வெறும் 0.56! மேலே கழிக்கும்போது அந்த ஆயிரம் அடிபட்டுப்போகிறது. கீழே இரண்டாயிரமாகச் சேர்ந்து உட்கார்ந்துகொள்கிறது.

தேதியை மட்டும் நம்பாதே. பழைய படங்களையும் புதிய முறையில் மறுபடி தயாரித்திருக்கிறார்கள். கோப்புப் பெயரில் ஆங்கில 'N' எழுத்தை அடுத்து வரும் நான்கு இலக்கம் 0400 அல்லது அதற்கு மேல் என்றால் கழிக்க வேண்டும். செயற்கைக்கோள் படங்களை இணையத்திலேயே அலசும் கூகுள் எர்த் எஞ்சினில் 'ஹார்மனைஸ்டு' (Harmonized) என்ற தொகுப்பை எடுத்தால் கழித்தே தருவார்கள். அங்கே இன்னொரு முறை கழித்துவைக்காதே.

மேகத்தை நீக்கிய விதமும் இடிக்கிறது. ஒவ்வொரு பிக்சலும் என்ன வகை என்று எண்ணால் குறிக்கும் வகைப்பாட்டு அடுக்கில் 3 மேக நிழல், 8, 9 மேகம், 10 மெல்லிய கீற்று மேகம். இவற்றை விலக்கியது சரி. ஆனால் அந்த அடுக்கில் ஒரு பிக்சல் 20 மீட்டர், உன் சிவப்பு, அகச்சிவப்புப் பட்டைகளில் 10 மீட்டர். இரண்டையும் பொருத்தும்போது சராசரி எடுக்கும் முறையைத் தேர்ந்தெடுத்திருக்கிறாய். 4 என்றால் தாவரம், 8 மேகம். சராசரி 6, அது தண்ணீர்! மேகத்தின் ஓரமெல்லாம் குளம் முளைத்தது இப்படித்தான். வகை எண்களுக்கு 'அருகிலுள்ள பிக்சல்' முறை மட்டுமே. மேக ஓரத்தில் கூடுதலாக நாலைந்து பிக்சல் வெட்டிவிடு, நிழலின் விளிம்பு பலமுறை தப்பிவிடுகிறது.

படத்தோடு ஒப்பிடக் களத்தில் புள்ளி எடுக்கும்போது வரப்பில் நிற்காதே. கைபேசி ஜிபிஎஸ் சில மீட்டர் தள்ளிக் காட்டும், படமும் சற்று நகர்ந்திருக்கலாம். குறைந்தது 30 மீட்டருக்கு 30 மீட்டர் ஒரே பயிராக உள்ள இடத்தின் நடுவில் நின்று எடு. தேதியையும் பயிரின் வயதையும் அங்கேயே எழுதிக்கொள்.

மேகத்தால் படம் கிடைக்காத மழைக்கால இடைவெளிக்குச் சென்டினல்-1 செயற்கைக்கோளின் ரேடார் உதவும், மேகம் அதற்குத் தடையில்லை. ஆனால் அது பார்ப்பது பச்சையை அல்ல, ஈரத்தையும் செடியின் அமைப்பையும். இரண்டையும் ஒரே கோட்டில் இணைத்துவிடாதே.

திருத்திய பிறகும் சரிவு நீடித்தால், அந்தத் தேதிகளின் கோப்புப் பெயர்களை முழுதாக அனுப்பு.

அன்புடன்,
உன் பழைய தோழன்