அந்த வீட்டு லோன் பத்தி அம்மா எழுதறது

கண்ணு,

நேத்து நீ போன வெச்சதுக்கப்புறம் எனக்கு தூக்கமே வரல. வீடு வாங்கறது நல்ல விஷயம், அதுல எனக்கு வேற எண்ணமே இல்ல, உங்கப்பா விடிகாலைல எழுந்ததும் "ஓசூர்ல நம்ம பையனுக்கு சொந்த வீடு"ன்னு ரெண்டு தடவ சொல்லிட்டாரு, பக்கத்து வீட்டுக்கும் சொல்லியாச்சு. ஆனா நீ "30 வருஷம் போட்டுக்கறேம்மா, இஎம்ஐ கம்மியா வரும், வாடகை மாதிரி கட்டிட்டு போயிடலாம்"னு சொன்ன பாரு, அந்த வார்த்த தான் என்னைய உறுத்திட்டே இருக்கு. போன்ல சொல்ல ஆரம்பிச்சா நடுவுல குட்டி அழுவான், இல்லன்னா நீ மீட்டிங்னு வெச்சிருவ, அதான் உக்காந்து டைப் பண்றேன். நீயும் மருமவளும் சேந்து படிங்க, ஒரே மூச்சுல படிக்காட்டியும் பரவால்ல.

இத சொல்றதுக்கு எனக்கு என்ன தெரியும்னு நெனைக்காத சாமி. 20 வருஷத்துக்கு மேல போஸ்ட் ஆபீஸ் ஆர்டி ஏஜென்ட்டா பாலக்கோட்டுல தெரு தெருவா நடந்தவ நான். மாசம் 200, 500னு வாங்கி கார்டுல எழுதி, 60 மாசம் முடிஞ்சு பணம் கைக்கு வரப்ப அந்த பொம்பளைங்க முகத்த பாத்திருக்கேன். வட்டி எப்படி வளருதுன்னு எனக்கு தெரியும். கடன்லயும் அதே வட்டி தான், ஆனா இங்க அது அடுத்தவனுக்காக வளருது, தண்ணி ஊத்தறது நீ.

நீ சொன்னியே, "எட்டர பர்சன்ட் தான்மா, ஊருல நூத்துக்கு ரெண்டு ரூபா வட்டிக்கு வாங்கறாங்க, அதோட பாத்தா இது எழுபது பைசா வட்டி தான்"னு. கணக்கு சரி தான். 8.5ஐ 12ஆல வகுத்தா மாசம் நூத்துக்கு 71 பைசா கூட வராது. ரெண்டு ரூபா வட்டியில மாட்டி நிலத்த வித்தவங்கள பாத்த நமக்கு இது ஒண்ணுமே இல்லாத மாதிரி தான் தெரியும். ஆனா ரெண்டு ரூபா வட்டிக்கு வாங்கினவன் தக்காளி வெல ஏறின உடனே முதல்ல அத தான் அடைக்க ஓடுவான், ஆறு மாசமோ ஒரு வருஷமோ, அதுக்கு மேல ராத்திரி தூங்க முடியாது. எழுபது பைசா வட்டி அப்படி இல்ல, அது உன்ன நல்லா தூங்க விடும், 240 மாசம், 360 மாசம்னு தூங்க விடும், அதுல தான் சாமி எல்லா பணமும் போவுது.

பஸ் ஸ்டாண்டுகிட்ட ஜெராக்ஸ் கடை பையன்கிட்ட சொல்லி உன் லோனுக்கு மாசாமாசம் அட்டவணை எடுத்து ப்ரின்ட் போட்டுட்டு வந்தேன். 40 லட்சம், 8.5 பர்சன்ட், 20 வருஷம். மொத்தம் 240 வரி. சிவப்பு பேனாவ வெச்சிட்டு ஒவ்வொரு வரியா பாத்தேன். முதல் வரில இஎம்ஐ 34,713, அதுல வட்டி 28,333, அசல் 6,380. அவ்ளோ தான். நீ 34,000க்கு மேல கட்டற, உன் கடன் கொறையறது 6,380. முதல் வருஷம் முழுக்க 4,16,000க்கு மேல கட்டியிருப்ப, கடன் கொறஞ்சது 80,000 கூட இல்ல. அஞ்சு வருஷம் முடியறப்ப கிட்டத்தட்ட 21 லட்சம் கட்டியிருப்ப, பாக்கி இன்னும் 35 லட்சத்துக்கு மேல நிக்குது. வட்டிய விட அசல் அதிகமா போற முதல் மாசம் எதுன்னு பேனாவ வெச்சிட்டே போனேன், 143வது வரில தான் அது வருது. அதாவது கிட்டத்தட்ட 12 வருஷம், குட்டி எட்டாவதோ ஒம்பதாவதோ படிச்சிட்டு இருப்பான் அப்ப. அந்த வரிய ரெண்டு கோடு போட்டு வெச்சிருக்கேன், நீ வரப்ப காட்டறேன்.

மொத்தமா கூட்டினா 83 லட்சம். 40 லட்சம் கடனுக்கு வட்டி மட்டும் 43 லட்சம்.

இப்ப நீ சொல்ற 30 வருஷத்த பாரு. இஎம்ஐ 30,757. மாசம் 4,000 ரூபா கொறையுது, சரி. ஆனா முதல் மாசம் அசலுக்கு போறது 2,423 ரூபா. மொத்தம் கட்டறது 1 கோடியே 10 லட்சத்துக்கு மேல, வட்டி மட்டும் 70 லட்சத்த தாண்டுது. மாசம் அந்த 4,000 ரூபா கொறையறதுக்காக 27 லட்சம் அதிகமா குடுக்கற கண்ணு. அந்த வீட்ட காட்டின ஆளு உன்கிட்ட இஎம்ஐ மட்டும் தான் சொல்லியிருக்கான், மொத்தம் எவ்ளோன்னு நீயும் கேக்கல. உனக்கு இப்ப 31 வயசு, முடியறப்ப 61. வேலைக்கு போற காலம் பூரா கடன் இருக்கும்.

இத ஏன் இவ்ளோ அழுத்தி சொல்றேன்னா நாங்க அடி வாங்கியிருக்கோம். 1997ல இந்த வீட்ட கட்டறதுக்கு 2 லட்சம் லோன் எடுத்தோம், அப்ப வட்டி 13 பர்சன்ட், 15 வருஷம், மாசம் 2,530. உங்கப்பா கண்டக்டர் சம்பளத்துல அது பெரிய தொகை, நீ அப்ப சின்ன குழந்தை. ஒரு மாசம் கூட தவறாம கட்டினோம், பேட்டா காசு எல்லாம் அதுக்கே போச்சு. 2003ல பாதியாவது முடிஞ்சிருக்கும்னு நெனச்சு லோன் குடுத்த எடத்துக்கு போயி பாக்கி எவ்ளோன்னு கேட்டேன், அந்த ஆளு லெட்ஜர பாத்துட்டு 1,60,000னு சொன்னாரு. நான் அவரு தப்பா பாக்கறாருன்னு நெனச்சேன். ஆறு வருஷத்துல நாங்க கட்டினது 1,82,000, கொறஞ்சது 39,000 தான். வெளிய வந்து புளியமரத்தடில உக்காந்துட்டேன், பஸ்ஸு வந்து போச்சு, ஏறல. அன்னைக்கு வரைக்கும் யாரும் எங்களுக்கு அந்த அட்டவணைய காட்டல, நாங்களும் கேக்கல, அடுத்தவங்க காசுக்கு வட்டி கணக்கு எழுதற நானே கேக்கல.

அப்புறம் எங்கம்மா போட்ட ஆரத்த வித்து 40,000 மொத்தமா கட்டினோம், தீபாவளி போனஸ் வந்தா நேரா அங்க தான், 2007ல முடிச்சோம். உனக்கு ஞாபகம் இருக்கும், அந்த வருஷங்கள்ல உனக்கு பொங்கலுக்கு மட்டும் தான் புது துணி. அத நெனச்சா எனக்கு இன்னைக்கும் மனசு கஷ்டமா இருக்கு.

சரி, நீ என்ன பண்ணணும்னு சொல்றேன். 20 வருஷமே போடு. 15 வருஷம் போட்டா இஎம்ஐ 39,390, வட்டி 31 லட்சத்தோட முடியும், அது தான் நல்லது, ஆனா மருமவ இப்ப வேலைக்கு போகல, ஒரு சம்பளத்துல 39,000 கழுத்த புடிக்கும், ஒரு மாசம் தவறினா அதுக்கு தனியா அபராதம். அதனால பேப்பர்ல 20 இருக்கட்டும், கட்டறது 15 மாதிரி கட்டு. ஃப்ளோட்டிங் வட்டில, அதாவது ஏறி இறங்கற வட்டில, தனி ஆளு எடுக்கற வீட்டு லோன முன்கூட்டியே கட்டினா அபராதம் போடக்கூடாதுன்னு ரிசர்வ் பேங்க் ரூல் இருக்கு, யாராவது சார்ஜ் இருக்குன்னு சொன்னா எழுத்துல கேளு. முதல் வருஷம் முடியறப்ப போனஸ், சீட்டு பணம் எல்லாம் சேத்து 2 லட்சம் பார்ட் பேமென்ட் கட்டினா 26 மாச இஎம்ஐ மொத்தமா போயிடும், 7 லட்சம் வட்டி மிச்சம், ஒரே ஒரு தடவ கட்டினதுக்கு. அதே 2 லட்சத்த 15வது வருஷம் கட்டினா இதுல கால்வாசி கூட மிச்சமாவாது, அதனால ஆரம்பத்துலயே கட்டு. வருஷத்துக்கு ஒரு இஎம்ஐ கூடுதலா கட்டிட்டு வந்தாலே மூணு வருஷத்துக்கு மேல கொறையும். கட்டறப்ப ஒண்ண மறக்காத, இஎம்ஐய கொறைக்காதீங்க, டென்யூர, அதாவது கடன் கட்டற காலத்த, கொறைங்கன்னு எழுதி குடுத்து ரசீது வாங்கு. சும்மா விட்டா இஎம்ஐய கொறச்சிட்டு வருஷத்த அப்படியே வெச்சிட்டாங்கன்னா நீ கட்டினதோட பலன் பாதிக்கு மேல போயிடும்.

அந்த பணத்த மாசாமாசம் மியூச்சுவல் ஃபண்ட் எஸ்ஐபில போட்டா 12 பர்சன்ட் வரும்மான்னு சொல்லுவ, எனக்கு தெரியும். வரலாம். ஆனா போடறேன்னு சொல்றது வேற, போடறது வேற சாமி, 60 மாசம் கட்டறேன்னு சொல்லிட்டு 14வது மாசம் ஸ்கூல் ஃபீஸுன்னு நிறுத்தினவங்க எத்தன பேரு என் கார்டுல இருந்தாங்க. லோன்ல கட்டினா 8.5 பர்சன்ட் மிச்சம்ங்கறது நிச்சயம். கைல ஆறு மாச இஎம்ஐ தனியா ஒதுக்கி வெச்சிட்டு மிச்சத்த கடனுக்கு கட்டு, அது தான் என் அபிப்பிராயம்.

அடுத்தது வட்டி ஏறி இறங்கறது. நீ சொன்ன 8.5 இன்னைக்கு ரேட்டு, 20 வருஷத்துக்கும் அது இல்ல. ரிசர்வ் பேங்க் மத்த பேங்குக்கு கடன் குடுக்கற ரெப்போ வட்டி 2020ல 4 பர்சன்ட் இருந்துச்சு, 2022 மே மாசத்துல ஏற ஆரம்பிச்சு 2023 பிப்ரவரிக்குள்ள 6.5 ஆச்சு, அப்புறம் 2025ல கொறச்சாங்க. நம்ம தெருவுல ஒரு பையன் 2021ல ரேட்டு கம்மின்னு லோன் எடுத்தான், இஎம்ஐ மாறவே இல்லன்னு நிம்மதியா இருந்தான், ரெண்டு வருஷம் கழிச்சு ஸ்டேட்மென்ட்ட பாத்தா வருஷம் 30ஐ தாண்டி போயிருக்கு. உன் லோன்லயே போட்டு பாத்தேன், ஆரம்பத்துல ஒரு பர்சன்ட் ஏறி இஎம்ஐ அதே வெச்சா 240 மாசம் 309 மாசமாவுது. அஞ்சர வருஷத்துக்கு மேல! 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் பேங்க் ஒரு ரூல் போட்டுச்சு, வட்டி மாத்தறப்ப இஎம்ஐய ஏத்தறதா, வருஷத்த ஏத்தறதான்னு உன்கிட்ட கேக்கணும். அந்த மெசேஜ் வந்தா படிக்காம விடாத, இஎம்ஐய ஏத்துங்கன்னு சொல்லு, முடியற வரைக்கும். வட்டி எறங்கினாலும் இஎம்ஐய கொறைக்க விடாத, அதே தொகைய கட்டு.

லோனோட இன்சூரன்ஸ் 1,10,000 சேத்து போடறாங்கன்னு சொன்ன. அத கடன்லயே சேத்தா அதுக்கும் 20 வருஷம் வட்டி, 2,29,000 ஆயிடும். வீட்டுக்கடனுக்கு அந்த பாலிசி சட்டப்படி கட்டாயம் இல்ல. உனக்கு ஏதாவதுன்னா அந்த வார்த்தைய எழுதவே கை வரல, ஆனா மருமவளுக்கும் குட்டிக்கும் பாதுகாப்பு வேணும், அதுக்கு தனியா ஒரு டேர்ம் பாலிசி எடு, வருஷா வருஷம் கட்டற மாதிரி.

டாக்ஸ் மிச்சமாவும்னு அந்த ஆளு சொன்னதையும் ஒரு தடவ உன் ஆபீஸ்ல கேளு. நீ புது ரெஜிம்ல இருந்தா குடியிருக்கற வீட்டு வட்டிக்கு கழிவே கெடையாது. பழசுல இருந்தாலும் வருஷத்துக்கு 2 லட்சம் வரைக்கும் தான், முதல் வருஷ வட்டியே 3,36,000க்கு மேல.

அப்புறம் கைக்காசு. 50 லட்சம் வீட்டுக்கு பேங்க் 80 பர்சன்ட் தான் குடுக்கும், மீதி 10 லட்சம் உன்னுது. பத்திரச் செலவு முத்திரைத்தாள் 7, பதிவு 2, ஆக 9 பர்சன்ட், தனி வீட்டுக்கு அது நாலர லட்சம் வரும், அத பேங்க் கணக்குல சேக்காது. ப்ராசசிங் ஃபீஸு, வக்கீல் ஒப்பீனியன், எம்ஓடி (பத்திரத்த பேங்க்ல அடமானம் வெக்கற பதிவு), கேட்டு, க்ரில்லு, அலமாரி. அதுக்கு பர்சனல் லோன் எடுக்கறேன்னு மட்டும் சொல்லாத. 15 லட்சம் கைல இல்லன்னா ஒரு வருஷம் தள்ளிப் போடு, 14,000 வாடகைல இருக்கறது ஒண்ணும் கேவலம் இல்ல, யாரு என்ன சொன்னாலும்.

30 வருஷ வில்லங்கம் போட்டு பாரு, தாய்ப்பத்திரத்த கண்ணால பாக்காம அட்வான்ஸ் குடுக்காத. கடன முடிக்கறப்பயும் பத்திரம் முக்கியம். நாங்க 2007ல முடிச்சு பத்திரம் கேட்டா இன்னைக்கு வா நாளைக்கு வான்னு நாலு மாசம் அலைய விட்டாங்க, கடைசில தாய்ப்பத்திரம் காணோம்னாங்க, அதுக்கு நகல் எடுத்து இன்னைக்கும் அந்த நகல் தான் பீரோல இருக்கு. இப்ப கடன் முடிஞ்ச 30 நாளைக்குள்ள ஒரிஜினல குடுக்கணும், அவங்க தாமதத்தால தள்ளிப்போனா நாளுக்கு 5,000 ரூபா உனக்கு குடுக்கணும்னு 2023 டிசம்பர்ல இருந்து ரூல் இருக்கு. என்னென்ன பத்திரம் குடுத்தன்னு லிஸ்ட் எழுதி அவங்க சீல் போட்ட காப்பி ஒண்ணு வாங்கி வெச்சுக்க, ஒண்ண இங்க அம்மாகிட்ட குடு.

எங்ககிட்ட ரெண்டு லட்சத்துக்கு கொஞ்சம் மேல இருக்கு, கமிஷன்ல சேத்தது, அப்பாவுக்கும் தெரியும். அட்வான்ஸுக்கு கேக்காத, குடுக்க மாட்டேன். முதல் வருஷம் முடியற அன்னைக்கு அந்த பார்ட் பேமென்ட்டுக்கு அப்படியே தரேன், உன் போனஸ நீ அடுத்த வருஷத்துக்கு வெச்சுக்க. அன்னைக்கு எங்களுக்கு யாரும் செய்யல, உனக்கு நாங்க செய்யறோம்.

ஞாயித்துக்கிழமை ராயக்கோட்டை வழியா வர பஸ்ஸுல கெளம்பி வாங்க, அந்த சாங்ஷன் லெட்டர், பேங்க்காரன் குடுத்த பேப்பர் எல்லாத்தையும் எடுத்துட்டு வா, இன்னும் எதுலயும் கையெழுத்து போடாத. குட்டிக்கு களி புடிக்குதுன்னு மருமவ சொன்னா, ராகி புதுசா அரைச்சு வெச்சிருக்கேன். அந்த அட்டவணைய நாலா மடிச்சு சாமி படத்துக்கு பின்னாடி வெச்சிருக்கேன், நீ வந்தா ரெண்டு பேரும் உக்காந்து 30 வருஷத்துக்கும் ஒண்ணு எடுத்து பக்கத்துல பக்கத்துல வெச்சு பாப்போம்.

அம்மா
பாலக்கோடு