முதல் படத்துக்குக் கேமரா யார்?

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. இத்தனை வருடம் மற்றவர்கள் கதைக்கு லைட் வைத்தவன் இனி உன் கதைக்கு வைக்கப்போகிறாய், படித்ததும் மனசு நிறைந்துவிட்டது.

இயக்கம், ஒளிப்பதிவு இரண்டையும் ஒரே ஆள் பார்க்க முடியுமா என்று கேட்டிருந்தாய். முடியும், நான் அப்படித்தான் எடுத்துக்கொண்டிருக்கிறேன். ஆனால் ஒரு ஆள் சம்பளத்தை மிச்சம் பிடிக்கத்தான் இந்த யோசனை என்றால் வேண்டாம்டா. வ்யூஃபைண்டரில் கண்ணை வைத்துவிட்டால் ஃபோகஸ் நிற்கிறதா, நீளக் கம்பியில் பிடிக்கிற பூம் மைக் ஃப்ரேமுக்குள் எட்டிப் பார்க்கிறதா, ஜன்னல் வெளுத்துப்போகிறதா என்பதிலேயே பாதிக் கவனம் போய்விடும், அந்த நேரத்தில் நடிகர் ஒரு வரியை உயிரில்லாமல் சொல்லிவிட்டுப் போனது காதில் விழவே விழாது. மலையாளத்தில் ஷாஜி என். கருண் என்பவரைப் பார், இயக்குநர் அரவிந்தன் படங்களுக்கு அவ்வளவு அழகாக ஒளிப்பதிவு செய்தவர், 1988-ல் 'பிறவி'யை இயக்கியபோது கேமராவை சன்னி ஜோசப்பிடம் கொடுத்தார். அடுத்த வருடம் கான் திரைப்பட விழாவில் முதல் படங்களுக்கான கேமரா தோர் விருதுப் பிரிவில் அதற்குச் சிறப்புக் குறிப்பு கிடைத்தது.

இல்லை, நானேதான் பிடிப்பேன் என்றால் சரி. ஃபோகஸை மட்டும் பார்த்துக்கொள்ள நல்ல ஃபோகஸ் புல்லரையும் சவுண்டுக்கு ஓர் ஆளையும் கட்டாயம் வைத்துக்கொள். ஒத்திகையைக் கேமராவைத் தொடாமல் வெறும் கண்ணால் பார்.

பெரிய லைட் வாடகைக்கு எடுக்க வசதியில்லை என்று எழுதியிருந்தாய், அதற்கெல்லாம் கலங்காதே. சத்யஜித் ராய் இயக்கி 1956-ல் வந்த 'அபராஜிதோ'வில் காசி வீட்டு முற்றத்தை ஸ்டுடியோவுக்குள் செட் போட்டபோது, ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, கீழிருந்து லைட்டை அதில் அடித்துத் திருப்பினார். கூர்மையான நிழலே விழாமல், திறந்த முற்றத்தில் இறங்குகிற பகல் வெளிச்சம் அப்படியே கிடைத்தது. உன் படத்தில் முக்கால்வாசி வீட்டுக்குள்தானே, துணியும் வெள்ளைத் தெர்மகோலும் நிறைய வாங்கி வை. அப்புறம், 50 ஹெர்ட்ஸ் கரண்டில் பழைய ட்யூப்லைட் எரிகிற அறையில் விநாடிக்கு 24 ஃப்ரேமில் எடுத்தால் கேமராவின் ஷட்டர் கோணத்தை 172.8 டிகிரிக்கு, அதாவது ஃப்ரேமுக்கு 1/50 விநாடிக்கு மாற்றிக்கொள், இல்லையென்றால் ஃப்ளிக்கர் வந்து, வெளிச்சம் துடித்து, நல்ல டேக் எல்லாம் வீணாகிவிடும்.

வெளிவேலையை மட்டும் விட்டுவிடாதே. விளம்பரம், கல்யாணம், ஆவணப்படம் எது வந்தாலும் எடு, என் படங்களுக்கு எடிட்டிங் செலவு அதிலிருந்துதான் வந்தது, அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. படம் முடிந்ததும் அவசரப்பட்டு இணையத்தில் ஏற்றிவிடாதே, பெரிய விழாக்கள் பலவும் வேறெங்கும் காட்டாத படத்தைத்தான் கேட்கும்.

ஸ்கிரிப்டை அனுப்பு. ஒத்திகை தேதியும் சொல், வந்து உட்கார்ந்து பார்க்கிறேன்.

அன்புடன்,
உன் நண்பன்