பாட்டு மட்டும் மலையை எழுப்பாது

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் இதழின் சிறுவர் பகுதியில் வரும் தொடர்கதையை என் பேத்தியும் நானும் விடாமல் படித்து வருகிறோம். குழல் ஊதினால் குன்று எழும், தாளம் மாறினால் ஆறு திசை மாறும், வயல்கள் தாமாகவே முக்கோணமும் அறுகோணமுமாக வரப்பு கட்டிக்கொள்ளும். அந்தக் கற்பனை நாடு எனக்கு ரொம்பவே பிடித்துப்போயிற்று.

சென்ற இதழில் அதைப் பற்றி இரண்டு கடிதங்கள் வந்திருந்தன. இப்படிப்பட்ட கதைகள் பிள்ளைகளை அறிவியலிலிருந்து விலக்கிவிடும் என்று ஒருவர் வருத்தப்பட்டிருந்தார். இன்னொருவர், மணலுக்குப் பக்கத்தில் ஓம் என்று சொன்னால் ஸ்ரீசக்கரம் தானாக விழும், கதாசிரியர் அதைத்தான் சொல்கிறார் என்று எழுதியிருந்தார். பள்ளியில் இயற்பியல் நடத்தியவள் என்ற முறையில் இருவருக்கும் பதில் சொல்ல விரும்புகிறேன். கதாசிரியரிடம் ஒரு வேண்டுகோளும் இருக்கிறது.

ஜெர்மனியில் விட்டன்பர்க் நகரில் பிறந்த எர்ன்ஸ்ட் கிளாட்னி, 1787இல் வெளியிட்ட நூலில் ஒலியைக் கண்ணால் பார்க்க ஒரு வழி சொன்னார். தட்டையான உலோகத் தகடு ஒன்றை நடுவில் மட்டும் பிடித்து நிறுத்த வேண்டும். மேலே மணலைத் தூவி, விளிம்பில் வயலின் வில்லை இழுக்க வேண்டும். தகடு அதிரும் இடத்திலிருந்து மணல் துள்ளி ஓடும். அசையாத இடத்துக்கு வந்ததும் நின்றுவிடும். சதுரத் தகடாக இருந்தால், ஒரு பக்கத்தின் நடுவில் விரலை வைத்துக்கொண்டு மூலையில் வில்லை இழுத்துப் பாருங்கள்: மணல் கூட்டல் குறிபோல் நிற்கும். விரலை மூலைக்கு மாற்றி, பக்கத்தின் நடுவில் இழுத்தால் பெருக்கல் குறி. சுருதி இன்னும் உச்சத்துக்குப் போகப் போக வளையங்களும் வளைகோடுகளுமாகப் பின்னிக்கொண்டே போகும். இவருக்கு நூறு ஆண்டுக்கு முன்பே, 1680இல், ராபர்ட் ஹூக் கண்ணாடித் தட்டில் மாவைத் தூவி இதையே பார்த்திருக்கிறார். ஆகவே முதல் வாசகர் கவலைப்பட வேண்டியதில்லை. கதையில் இருப்பது அறிவியலுக்கு வெகு பக்கத்து ஊர்தான்.

இரண்டாவது வாசகருக்குச் சொல்ல வேண்டியது கொஞ்சம் அதிகம். ஓங்காரத்தின் மேல் எனக்கும் பக்தி உண்டு. ஆனால் ஒலிக்கென்று ஒரு உருவம் தனியாக எழுதி வைக்கப்படவில்லை. அதே சுருதியை வட்டத் தகட்டில் எழுப்பினால் ஒரு கோலம் வரும், சதுரத் தகட்டில் வேறு கோலம் வரும். தகட்டின் கனத்தை மாற்றினாலோ, பிடிக்கும் இடத்தை மாற்றினாலோ அதுவும் மாறிவிடும். ஒவ்வொரு தகட்டுக்கும் அதனுடைய அளவும் வடிவமும் அனுமதிக்கும் கோலங்கள் இருக்கின்றன. அவற்றில் எது இப்போது வெளியே வர வேண்டும் என்பதைத்தான் ஒலி தீர்மானிக்கிறது. ஓம் என்பதை எதன் மேல் எழுப்பினீர்கள் என்று கேட்காமல் என்ன உருவம் வரும் என்று யாராலும் சொல்ல முடியாது.

கதாசிரியரிடம் என் வேண்டுகோளும் இதுதான். மூன்றாம் அத்தியாயத்தில் இளவரசன் எங்கே போய் ஊதினாலும் அதே குன்று எழுகிறது. அந்த நிலத்துக்கும் ஒரு பங்கு கொடுங்கள். கடற்கரையில் ஊதியபோது வந்த குன்று, நாலு பக்கமும் பாறை சூழ்ந்த பள்ளத்தாக்கில் ஊதினால் வரக் கூடாது. இளவரசனின் பாட்டுக்கு நிலம் அப்படியே கட்டுப்பட்டால் அது வெறும் மந்திரம். நிலமும் பதில் சொன்னால், அடுத்து என்ன நடக்கும் என்று பிள்ளைகள் தாங்களே கணக்குப் போடத் தொடங்குவார்கள்.

இதற்குத் தீனி வேண்டுமென்றால் நம் மிருதங்கமே இருக்கிறது. சாதாரணத் தோல் கொட்டுகளில் எழும் மேல்சுரங்கள், அதாவது அடிச்சுரத்தோடு சேர்ந்து ஒலிக்கும் உயர்ந்த சுரங்கள், ஒன்றுக்கொன்று முழு எண் விகிதத்தில் அமைவதில்லை. அதனால்தான் அவை சுருதியோடு ஒட்டாமல் வெறும் சத்தமாகக் கேட்கின்றன. மிருதங்கத்தின் வலப்பக்கத் தோலான வலந்தலையின் நடுவில் கரணை என்னும் கறுப்புப் பசையைத் தடிப்பாக அப்பி, ஓரத்துக்குப் போகப் போக மெலிதாக்கும்போது கதையே மாறிவிடுகிறது. முதல் சில மேல்சுரங்கள் ஒழுங்கான விகிதத்துக்கு வந்துவிடுகின்றன. திருச்சியில் பிறந்த சி. வி. ராமன் இதை 1920இலேயே எழுதினார். 1934இல் வந்த கட்டுரையில், தோலின் மேல் மணலைத் தூவி விழுந்த கோலங்களைப் படமெடுத்தே காட்டினார். எங்கே கனம், எங்கே மெலிவு என்பதைக் கையால் தடவி, காதால் கேட்டுச் சரிசெய்யும் மிருதங்கத் தொழிலாளிகளின் அறிவு அது. கதை நாட்டின் நடுவில் கனத்த கரிசல் மண்ணைக் கொட்டி, எல்லையை நோக்கி மெலிந்துகொண்டே போகும்படி வைத்தால், அந்த நாடு முழுவதும் சுருதி சேர்ந்து பாடும் அல்லவா?

அப்புறம் இன்னொன்று. மணல் அசையாத இடத்துக்கு ஓடும். மிக நுண்ணிய பொடியோ அதிகமாக அதிரும் இடத்தில் போய்க் குவியும். மைக்கேல் ஃபாரடே 1831இல் இதற்குக் காரணம் காட்டினார். அதிரும் தகடு பக்கத்துக் காற்றில் சிறு சுழற்சிகளைக் கிளப்புகிறது, லேசான பொடி அதில் மாட்டிக்கொள்கிறது. காற்றை உறிஞ்சி எடுத்துவிட்டு அவர் சோதித்தபோது பொடியும் மணலின் வழிக்கே வந்தது. ஆகவே அந்த நாட்டில் ஒரே பாட்டுக்கு மணல்மேடுகள் ஓரிடத்திலும் புழுதிமேடுகள் வேறிடத்திலும் எழ வேண்டும். ஒரு முழு அத்தியாயத்துக்கு இது போதும்.

கதையில் பெண் பிள்ளைகள் குறைவாக இருப்பதையும் சொல்லிவிடுகிறேன். 1809இல் பாரிஸில் கிளாட்னியின் கோலங்களைப் பார்த்து நெப்போலியன் வியந்த பிறகு, அவற்றைக் கணிதத்தால் விளக்குபவருக்கு 3000 பிராங்க் பரிசு அறிவித்தார்கள். மூன்றாவது முயற்சியில் 1816இல் அதைப் பெற்றவர் சோஃபி ஜெர்மேன். பெண் என்பதால் கல்லூரியில் சேர முடியாமல், பாடக் குறிப்புகளை வாங்கிப் படித்து, ஆண் பெயரில் எழுதி அனுப்பியவர் அவர். அப்படி ஒரு சிறுமியைக் கதைக்குள் கொண்டுவாருங்கள்.

ஆசிரியரிடம் கேட்பது ஒன்று. அடுத்த அத்தியாயத்தோடு ஒரு சிறு செய்முறையைக் கட்டம் கட்டிப் போடுங்கள். வாயகன்ற கிண்ணம் ஒன்று, சதுர பிஸ்கட் டப்பா ஒன்று எடுத்துக்கொள்ள வேண்டும். பெரிய பலூன்களை வெட்டி இரண்டின் வாயிலும் சுருக்கமில்லாமல் இழுத்து ரப்பர் பேண்டால் கட்டிவிட வேண்டும். மேலே பொடி உப்பைத் தூவி, பக்கத்தில் வாயை வைத்துக் குரலை நீளமாக இழுத்துச் சுருதியை மெல்ல ஏற்ற வேண்டும். ஊதக் கூடாது, உப்பு பறந்துவிடும். பல சுருதிகளில் ஒன்றும் நடக்காது. ஏதோ ஒரு சுருதியில் உப்பு சட்டென்று துள்ளி ஒரு ஒழுங்குக்கு வரும். அதே சுருதியை அடுத்த பாத்திரத்திலும் பிடித்துப் பார்க்கட்டும். ஓம் என்றே சொல்லிப் பார்க்கலாம். வந்த இரண்டு உருவங்களையும் பிள்ளைகள் வரைந்து அனுப்பினால், கதாசிரியர் அவற்றிலிருந்தே அந்த நாட்டின் வரைபடத்தைப் போடலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற இயற்பியல் ஆசிரியை,
கும்பகோணம்.