முதல் நம்பிக்கையில்லாத் தீர்மானம் சென்னையில்தான்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நம்பிக்கையில்லாத் தீர்மானங்களைப் பற்றித் தங்கள் நாளிதழில் சென்ற வாரம் வந்த கட்டுரையைப் படித்தேன். 1963 ஆகஸ்டில் நேரு அரசுக்கு எதிராக ஆச்சார்ய கிருபளானி கொண்டுவந்ததே இந்தியாவின் முதல் நம்பிக்கையில்லாத் தீர்மானம் என்று அதில் இருக்கிறது. மக்களவையில் முதல் என்றால் சரி. இந்தியாவில் முதல் என்றால் தவறு. அதற்கு நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே, 1923 நவம்பர் 27ஆம் தேதி, சென்னைச் சட்டமன்றத்தில், நீதிக்கட்சியின் முதலமைச்சராக இருந்த பனகல் அரசரின் அமைச்சரவைமீது அப்படி ஒரு தீர்மானம் வந்திருக்கிறது. ஆதரவாக 44 பேரும் எதிராக 65 பேரும் வாக்களிக்க, அது தோற்றது. கொண்டுவந்தவர் கட்டமஞ்சி ராமலிங்க ரெட்டி. சி.ஆர். ரெட்டி என்றால் பழைய தலைமுறைக்குத் தெரியும்.

கிருபளானி அரசியலுக்கு வரும் முன் முஸாபர்பூரில் கல்லூரி ஆசிரியர். ரெட்டியும் பேராசிரியர். கையை எண்ணிப் பார்த்தாலே தோல்வி தெரிகிற தீர்மானத்தை எழுந்து நின்று முன்மொழிய வாத்தியார்களுக்குத்தான் மனம் வரும் போலிருக்கிறது. நானும் வாத்தியாராக இருந்தவன் என்பதால் இதைச் சொல்லும் உரிமை எனக்கு உண்டு.

ரெட்டி 1880இல் பிறந்தவர். கட்டமஞ்சி இன்று சித்தூர் நகரோடு சேர்ந்துவிட்டது. அன்று அது எங்கள் வட ஆர்க்காடு மாவட்டம். அவர் எதிர்த்து நின்ற பனகல் அரசர் ராமராய நிங்கார் காளஹஸ்திக்காரர், அவரும் அதே மாவட்டத்து மனிதர்தான். சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் ரெட்டி படித்தபோது அது தாம்பரத்துக்குப் போகவில்லை, ஜார்ஜ் டவுனில் இருந்தது. மாணவராக இருந்தபோதே, உடையும் ஏரிக்கரையைக் காக்கத் தன்னையே பலி கொடுத்த ஒரு மருமகளின் கதையைத் தெலுங்கில் 'முசலம்ம மரணமு' என்ற காவியமாக எழுதினார். அரசு உதவித்தொகையில் கேம்பிரிட்ஜ் போய், அங்குள்ள யூனியன் விவாத மன்றத்துக்குத் துணைத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். திரும்பியதும் பரோடா கல்லூரியில் துணை முதல்வர் பதவி. அந்த நாற்காலியில் அவருக்கு முன் உட்கார்ந்திருந்தவர் அரவிந்தர்.

பிறகு மைசூர். மகாராஜா கல்லூரியில் பேராசிரியர், முதல்வர். அதன்பின் சமஸ்தானத்தின் கல்வித் துறைக்கே தலைவர். தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்ட பிள்ளைகளுக்குப் பொதுப் பள்ளிகளின் கதவைத் திறப்பதில் அவர் பிடிவாதமாக இருந்தார். அந்த ஒன்றுக்காகவே அவர் பெயர் பாடப்புத்தகத்தில் இருந்திருக்க வேண்டும். இப்படி வசதியான வேலையில் இருந்தவர் நாற்பது வயதில் அதை விட்டுவிட்டுச் சென்னை அரசியலில் குதித்தார். சேர்ந்தது நீதிக்கட்சியில்.

1923 தேர்தலில் நீதிக்கட்சி மறுபடியும் வென்றது, ஆனால் பழைய பலம் இல்லை. அமைச்சரவையில் தெலுங்கர்களே நிறைந்திருக்கிறார்கள் என்று தமிழ் உறுப்பினர்கள் குமுறிக்கொண்டிருந்தார்கள். பனகல் அரசரும் கே.வி. ரெட்டி நாயுடுவை விட்டுவிட்டு டி.என். சிவஞானம் பிள்ளையை அமைச்சராக்கினார். இதற்குள் சி.ஆர். ரெட்டி தனி அணியாகப் பிரிந்திருந்தார். தலைமை கட்சியைத் தன் விருப்பப்படி நடத்துகிறது என்பது பிரிந்தவர்களின் குற்றச்சாட்டு. எந்தக் கட்சியில் பிளவு வந்தாலும் கேட்கிற குற்றச்சாட்டுதான் இது. ஆனால் இவர்கள் அதை அவைக்கே கொண்டுபோனார்கள்.

அது எப்படிப்பட்ட அவை என்பதையும் பார்க்க வேண்டும். இரட்டை ஆட்சிக் காலம் அது. காவலும் நிதியும் ஆளுநரின் நிர்வாக சபையிடம். கல்வி, சுகாதாரம், உள்ளாட்சி போன்றவை மட்டுமே அமைச்சர்களிடம். அமைச்சர்களை நியமிப்பது ஆளுநர். அவர் விருப்பம் உள்ளவரை பதவி. சட்டத்தின் எழுத்துப்படி, தீர்மானம் வென்றிருந்தாலும் முடிவு அவர் கையில்தான் இருந்திருக்கும். அந்த நிலையிலும், அமைச்சர்கள் எங்களுக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் என்று ஒரு சட்டமன்றம் முதன்முதலாக வாக்கெடுப்பில் கேட்டதே, அதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். இன்னொன்று: இதைச் 'சட்ட மேலவை' என்று சிலர் எழுதுகிறார்கள். அப்போது இருந்தது ஒரே அவை. மேலவை 1937இல்தான் வந்தது.

இனி நான் வியக்கிற பகுதி. பனகல் அரசரின் அதே அமைச்சரவைதான் ஆந்திரப் பல்கலைக்கழகச் சட்டத்தைக் கொண்டுவந்தது. மசோதாவை முன்வைத்தவர் கல்வி அமைச்சர் ஏ.பி. பாத்ரோ. 1926இல் அதற்கு முதல் துணைவேந்தராக வந்தவர் யார் என்று நினைக்கிறீர்கள்? அரசைக் கவிழ்க்கப் பார்த்த ரெட்டி! தொந்தரவு செய்கிறவருக்கு ஒரு பதவி கொடுத்து அனுப்புவது அரசியலில் பழைய உத்தி என்பீர்கள். இருக்கலாம். ஆனால் 1930இல், உப்புச் சத்தியாகிரகத்தின்போது அரசு நடத்திய அடக்குமுறையைக் கண்டித்து அந்தப் பதவியையும் அவர் தூக்கி எறிந்தார். அடுத்து துணைவேந்தராக வந்தவர் எஸ். ராதாகிருஷ்ணன். 1936இல் ரெட்டி திரும்பி வந்து 1949 வரை இருந்தார். போர்க்காலத்தில் விசாகப்பட்டினத்தின் வால்டேர் வளாகத்தை ராணுவம் எடுத்துக்கொள்ள, பல்கலைக்கழகத்தையே குண்டூருக்குக் கொண்டுபோய் நடத்தினார்கள்.

அவரை மகானாக்க எனக்கு விருப்பமில்லை. நீதிக்கட்சி, அதிலிருந்து பிரிந்த அணி, காங்கிரஸ், பிறகு எதிலும் இல்லை என்று அவர் நடந்த பாதையைப் பார்த்தால், எந்தக் கட்சிக்காரரும் நம்பி வேலை கொடுத்திருக்க மாட்டார். வகுப்பில் எந்தக் கேள்விக்கும் இரண்டு பக்கமும் பேசிப் பழகியவருக்குக் கொறடா உத்தரவு கசக்கத்தான் செய்யும். 1942இல் 'சர்' பட்டத்தையும் வாங்கிக்கொண்டார். அடக்குமுறையைக் கண்டித்துப் பதவி விலகியவர், 'வெள்ளையனே வெளியேறு' முழங்கிய அதே ஆண்டில் பட்டம் பெற்றது எனக்கு இன்றும் நெருடுகிறது.

அவரை நாம் மறந்ததற்குக் காரணம் எளிது. தெலுங்கில் அவர் துணைவேந்தர், கவிஞர், விமர்சகர்; சென்னை அரசியல் அங்கே இரண்டு வரி. தமிழில் நீதிக்கட்சி வரலாறு எழுதுகிறவர்களுக்கு அவர் கட்சியைப் பிளந்தவர். ஆகவே ஒரு வரி. 2021இல் நம் சட்டமன்ற நூற்றாண்டைக் குடியரசுத் தலைவரை அழைத்துக் கொண்டாடினோம். இரண்டு ஆண்டுகள் கழித்து 2023 நவம்பரில் இந்தத் தீர்மானத்துக்கு நூறு வயதானது. அதைப் பற்றி ஒரு பத்திகூட என் கண்ணில் படவில்லை. புதுச்சேரிக்காரர்களாவது நினைவு வைத்திருக்கலாம்: 1948இல் ஆந்திரப் பல்கலைக்கழகம் அரவிந்தருக்குத் தேசியப் பரிசு அளித்தபோது, அதைக் கொடுக்க ரெட்டியே அங்கு வந்தார். மூன்றாண்டுகளில் காலமானார்.

தங்கள் கட்டுரையாளர்மீது எனக்குக் கோபமில்லை. இணையத்தில் தேடினால் 1963தான் முதலில் வருகிறது. ஆனால் போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள் தங்கள் நாளிதழை வெட்டி ஒட்டி வைக்கிறார்கள். எங்கள் தெரு நூலகத்தில் தினமும் பார்க்கிறேன். எனவே 'மக்களவையின் முதல் நம்பிக்கையில்லாத் தீர்மானம்' என்று ஒரு திருத்தம் வெளியிடுங்கள். இடம் இருந்தால் 1923 நவம்பர் 27ஆம் தேதியையும் அதோடு சேருங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்,
காட்பாடி.