உங்கள் டி-ஷர்ட்டின் நூல் எந்த மில்லில் நூற்றது?

வாடிக்கையாளர் சேவைப் பிரிவுக்கு,

வணக்கம். தீபாவளிக்கு முந்தின வாரம் சிங்கப்பூரில் உங்கள் தேக்கா கடையில் என் மகனுக்கு மூன்று டி-ஷர்ட் வாங்கினேன். மூன்றும் சேர்த்து 9 வெள்ளி 90 காசு. வீட்டில் வந்து பிரித்தால் ஒன்றில் கழுத்துப்பட்டி பிரிந்து தொங்குகிறது. இன்னொன்றின் உள்பக்கம் பிசிறு வெட்டாமல் விரல் நீளத்துக்கு நூல். கடைத் தம்பி மாற்றித் தருகிறேன் என்றார். அதில் எனக்குக் குறையில்லை.

லேபிளில் 'மேட் இன் இந்தியா' என்று இருந்தது. பிசிறு வெட்டுவதும் தையல்காரருக்குத் துணியை மடித்துக் கொடுப்பதும் திருப்பூரில் ஒரு காலத்தில் சின்னப் பிள்ளைகள் செய்த வேலை. அதனால் உங்களுக்கு மின்னஞ்சல் அனுப்பிக் கேட்டேன். 'தயாரிப்பது திருப்பூர் கம்பெனி, தொழிற்சாலை ஆடிட் முடிந்தது, குழந்தைத் தொழிலாளர் கிடையாது' என்று இரண்டே வரியில் பதில் வந்தது. என் புகார் அந்தப் பதிலைப் பற்றித்தான்.

நான் திண்டுக்கல் பக்கத்துக்காரி. பனியன் கம்பெனிக்குத் துணி வருவதற்கு முன்னால் சாயப்பட்டறை, நிட்டிங், அதற்கும் முன்னால் நூல் மில் இருக்கிறது. உங்கள் பதிலில் தையல் மெஷினுக்கு முந்தின எதைப் பற்றியும் ஒரு வார்த்தை இல்லை.

என் சித்தி மகள் எட்டாவதோடு நின்று மில்லுக்குப் போனாள். வயது 13. பதினைந்து என்று சொல்லச் சொன்னவர் புரோக்கர். மூன்று வருடம் மில் ஹாஸ்டலில் தங்கி வேலை பார்த்தால் கடைசியில் மொத்தமாகப் பணம், கல்யாணச் செலவுக்கு ஆகும். சுமங்கலித் திட்டம் என்று பெயர். பொங்கலுக்கு ஊருக்கு வந்தவளின் இமையில்கூடப் பஞ்சு ஒட்டியிருந்தது. அப்புறம் இருமல் விடவில்லை, மூன்றாம் வருடம் பாதியிலேயே திரும்பிவிட்டாள். மொத்தப் பணம் வரவில்லை.

பழைய கதை என்பீர்கள். குடும்பத் தொழில் போன்ற சில விலக்குகள் தவிர 14 வயதுக்குக் கீழே யாரையும் வேலைக்கு வைக்கக் கூடாது என்று இந்தியாவில் 2016இல் சட்டத்தைத் திருத்தினார்கள், தெரியும். ஆனால் ஐநாவின் தொழிலாளர் அமைப்பும் யுனிசெஃபும் 2024க்குச் சொன்ன கணக்கில் உலகம் முழுக்க 13.8 கோடிப் பிள்ளைகள் வேலையில் இருக்கிறார்கள். பாதிக்கு மேல் வயல்காட்டில், சரி. மிச்சப் பேர்?

கேட்பது இவ்வளவுதான். இந்த நூல் எந்த மில்லிலிருந்து வந்தது? அங்கே போய்ப் பார்த்தது யார், முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போனார்களா? ஹாஸ்டல் பெண்களிடம் சூப்பர்வைசர் இல்லாத இடத்தில் பேசினார்களா?

சட்டைகளை மாற்ற வேண்டாம், ரசீதோடு எடுத்து வைத்திருக்கிறேன். வவுச்சர் அனுப்பினால் திருப்பி அனுப்பிவிடுவேன். மில்லின் பெயரை அனுப்புங்கள்.

இப்படிக்கு,
தேக்கா கடையின் வாடிக்கையாளர்